படத்தில் வந்த நிலைப்படி

காப்பிக் கிடங்கின் சன்னல்களைக் கம்பளி போட்டு மூடிக்கொண்டிருந்தார்கள். நான்கு சன்னல்களில் மூன்று மூடியாயிற்று. நான்காவதையும் மூடிவிட்டால் உச்சிவெயில் வெளியே நின்றுவிடும், உள்ளே படம் தொடங்கிவிடும். சிலம்பாயி அந்த நான்காவது சன்னலையே பார்த்துக்கொண்டிருந்தாள். கம்பளியின் ஓரம் ஆணியில் மாட்டாமல் நழுவியது. நழுவட்டும், இன்னும் நழுவட்டும், சாயங்காலம்வரை நழுவினால் மட்டக்குதிரைக்காரன் நேரமாகிவிட்டது என்று படம் காட்டுகிற எந்திரத்தைக் கட்டிக்கொண்டு மலையிறங்கிவிடுவான் என்று நினைத்தாள். ஆனால் அவள் புருஷன் வீரணனே எழுந்து போய், எம்பி, ஒரே இழுப்பில் கம்பளியை மாட்டிவிட்டு, பெரிய காரியம் செய்தவன்போலக் கைகளைத் தட்டிக்கொண்டு வந்து ஆண்கள் பக்கம் உட்கார்ந்தான். இருட்டிவிட்டது. காப்பித் தோலின் புளித்த வாடையும் கம்பளிகளின் ஈரவாடையும் ஒன்றாக எழுந்தன. பக்கத்து வீட்டு மூக்காயி அவள் தோளில் இடித்து, "மதினி, ஒங்க மூஞ்சி எப்ப வரும்? நான் தூங்கிட்டா எழுப்பிவிடுங்க" என்றாள். முன்னால் மூன்று நாற்காலிகள். நடு நாற்காலியில் காட்டிலாகா ரேஞ்சர் தனுஷ்கோடி, தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். எந்திரத்தைச் சுற்றத் தொடங்கியதும் அதிலிருந்து ஒரு வெளிச்சக் கோடு கிளம்பி, போகிற வழியில் அவருடைய வழுக்கையைத் தொட்டுவிட்டு, எதிரே கட்டியிருந்த வேட்டியில் போய் விழுந்தது. அந்த வழுக்கை, அந்த வேட்டி. இன்னும் கொஞ்ச நேரத்தில் அந்த வேட்டியில் என் கை தெரியும், கை ஒரு பலகையைத் தூக்கும், அந்த வழுக்கைத் தலை அதைப் பார்க்கும், அப்புறம் எங்கள் மேலக்கானலில் இருபத்திரண்டு வீடுகள் இருக்கின்றன, இருபத்திரண்டு வீட்டிலும் அதே பலகை இருக்கிறது.

பலகை என்றால் நிலைப்படி. கதவு நிலையின் அடிமரம். சிலம்பாயி இந்த ஊருக்கு மருமகளாக வந்த இரண்டாம் நாளே வீரணன் அதைத் தூக்கிக் காட்டினான். முன்வாசல் படி இல்லை, நடுவீட்டிலிருந்து அடுப்படிக்குப் போகிற வாசலின் படி. இடது முனையை உள்ளங்கையால் அழுத்தினால் வலது முனை ஒரு விரற்கடை எழும்பும். அதற்குள் விரல்விட்டுத் தூக்கினால் கீழே நீளமாக ஒரு குழி, குழிக்குள் சாக்கில் சுற்றிய நாட்டுத் துப்பாக்கி, குழல் தனி, கட்டை தனி. முப்பது வருஷத்துக்கு முன்னால் சர்க்கார் காட்டில் வேட்டை கூடாது என்று சட்டம் வந்தபோது, ஊருக்கெல்லாம் கதவு செய்த ஆசாரி ஒருவரே எல்லா வீட்டுக்கும் இப்படிச் செய்து கொடுத்தாராம். எவ்வளவு நல்ல இடம் என்று யாரும் வாய்விட்டுச் சொன்னதில்லை. சொல்ல வேண்டியதில்லை. நிலைப்படியை யார் மிதிப்பார்கள்? வெள்ளிக்கிழமை மஞ்சள் தடவி, பொட்டு வைத்து, பூ வைக்கிற இடம். வீடு சோதிக்க வருகிறவன் கூரையைக் குத்துவான், தானியக் குதிரைக் கவிழ்ப்பான், அடுப்புச் சாம்பலைக் கிளறுவான், நிலைப்படியை மட்டும் தாண்டிப் போவான். ரேஞ்சர் தனுஷ்கோடி மூன்று தரம் வந்து மூன்று தரமும் தாண்டித்தான் போனார். அவர் கெட்ட மனிதர் இல்லை, அதுதான் கஷ்டம். பூட்ஸைக் கழற்றிவிட்டு வருவார். ஒருமுறை கால் தவறிப் படியில் பட்டுவிட்டது. குனிந்து தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். கண்ணில் ஒற்றிய விரலுக்கும் துப்பாக்கிக் குழலுக்கும் நடுவே ஒரு பலகைதான். சிலம்பாயி அப்போது சிரித்துக்கொண்டு நின்றாள்.

அந்தச் சிரிப்பை அவள் வரவழைப்பதற்கு ஒரு வழி வைத்திருந்தாள், அதை யாரிடமும் சொன்னதில்லை. கல்யாணமான புதிதில் வீரணன் மாமனார் வீட்டுக்கு விருந்துக்கு வந்தவன், தன் சாமர்த்தியத்தைக் காட்டுவதற்காகப் பலா மரத்தில் ஏறினான். கிளையிலிருந்த முசுற்றெறும்புக் கூடு பிய்ந்துவிட்டது. ஐந்து அத்தைமார்கள் கீழே அண்ணாந்து நிற்க, மாப்பிள்ளை வேட்டியை மரத்துக்கே கொடுத்துவிட்டு இறங்கி, நேராக ஓடைக்கு ஓடினார். ரேஞ்சரின் பூட்ஸ் சத்தம் வாசலில் கேட்டால் போதும், அவள் மனசுக்குள் அவசரமாக அந்த மரத்தைக் கொண்டுவந்து நிறுத்துவாள். மரத்தில் வீரணன், வீரணன் மேல் முசுறு, கீழே அத்தைமார். சிரிப்பு தானாக வந்துவிடும். "என்னம்மா, சோதனை போட வந்திருக்கேன், நீ சிரிக்கிற" என்பார் ரேஞ்சர். "மோரு குடிங்கய்யா" என்பாள். அவர் போன பிறகு அடுப்படியில் உட்கார்ந்து, முழங்கால்கள் இரண்டும் ஒன்றோடொன்று மோதிக்கொள்வதைக் கையால் பிடித்து நிறுத்துவாள். மூன்று தரம் வந்த பயத்தையும் அப்படி முழங்காலோடு பிடித்து வைத்தாள். வைத்தது எங்கே போகும்? எங்கேயும் போகாது. மூக்காயியின் தம்பி ஒரு கடமான் தொடைக்காக ஆறு மாதம் ஜெயிலில் இருந்துவிட்டு வந்தான். வந்ததிலிருந்து சோற்றுத் தட்டின் மேல் குனிந்துகொண்டே தின்கிறான், யாரோ பிடுங்க வருவதுபோல. வீரணன் அப்படித் தின்றால் எப்படி இருக்கும்? வீரணன் சாப்பிடும்போது கையை வீசி வீசிப் பேசுகிறவன், பருக்கை சுவரெல்லாம் தெறிக்கும்.

வேட்டியில் எழுத்து வந்தது. கிடங்கில் பாதிப்பேருக்கு மேல் படிக்கத் தெரியாது. அதற்காகத்தான் விளக்கம் சொல்ல பஞ்சாட்சரம் என்பவர் கையில் நீளப் பிரம்போடு வேட்டிக்குப் பக்கத்தில் நின்றார். படத்தில் இருக்கிறவர்கள் பேசாததையெல்லாம் அவரே பேசினார். "பாருங்கள் மகாஜனங்களே! மலைமேல் ஒரு சிற்றூர்! அங்கே ஒரு வேடன்! சட்டத்துக்கு அஞ்சாதவன்!" என்றார். "எந்த ஊருப்பா அது?" என்று ஆண்கள் பக்கமிருந்து வீரணன் கேட்டான், ஊரே சிரித்தது, நடு நாற்காலியும் குலுங்கியது. இந்த மனுஷனுக்கு வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கத் தெரியாது என்று சிலம்பாயி பல்லைக் கடித்தாள். அவனுக்கு என்ன தெரியும்? படம் எடுத்த அன்றைக்கு அவன் வீட்டிலேயே இல்லை, படக்காரர்களின் பெட்டி சுமக்க மலையிறங்கியிருந்தான். போன தை மாதம், பதினொரு மட்டக்குதிரையில் சாமான் ஏற்றிக்கொண்டு வந்தார்கள். வெயில் உள்ளே விழ வேண்டும் என்று அவளுடைய வீட்டுக் கூரையில் பாதியைப் பிரித்தார்கள். வேடனுக்குப் பெண்டாட்டியாக நடிக்க வந்த பட்டணத்துப் பெண் முதல்நாள் குளிரிலேயே காய்ச்சல் கண்டு டோலியில் திரும்பிப் போய்விட்டாள். டைரக்டர் சிலம்பாயியை மேலும் கீழும் பார்த்து, "இவங்களே போதும்" என்றார். ஊர்ப் பெரியதனக்காரர், கூரையைப் புதிதாக வேய்ந்து தருகிறார்கள், செய்துவிட்டுப் போயேன் என்றார். அவ்வளவுதான். எல்லாக் காரியமும் இப்படித்தான் ஆரம்பிக்கிறது, கூரை வேய்கிற மாதிரி.

வேட்டியில் இப்போது வேடன் மரத்தின் மறைவில் பதுங்கினான். எதிரே கடமான் வந்தது. கிடங்கில் யாரோ, "ஏய், அது நம்ம கொம்பையன் எருமைக்கன்னுடா!" என்றான். கன்றின் தலையில் கொம்பைக் கட்டிவிட்டிருந்தார்கள். ஒரு கொம்பு காதுப்பக்கம் சரிந்திருந்தது. கொம்பையன் எழுந்து நின்று, "ஆமா, என் கன்னுதான், செத்த மாதிரி படுக்க வைக்கிறதுக்கு ஒரு மூடை புண்ணாக்கு தின்னுச்சு" என்று பெருமையாகச் சொன்னான். மூக்காயி சிரித்துச் சிரித்துச் சிலம்பாயியின் மடியிலேயே விழுந்தாள். சிலம்பாயிக்கும் சிரிப்பு வந்தது, பாதியில் நின்றது. மான் செத்தாயிற்று. அடுத்து வேடன் ஓடுவான். ஓடினால் வீட்டுக்குத்தான் ஓடுவான். "துப்பாக்கியை உங்க கையில குடுப்பார். நீங்க வாங்கி ஒளிச்சு வைக்கணும். எங்கயாவது வைங்க. சிரிக்காதீங்க, பயப்படுங்க" என்றார் அன்றைக்கு டைரக்டர். ஊர்க்காரர் ஒருவரையும் உள்ளே விடவில்லை. வாய்ப்பந்தல் போட்டுக்கொண்டு நின்ற இரண்டு பேர் வெள்ளைத்துணி கட்டிய பலகையைச் சாய்த்து அவள் முகத்தில் வெயிலை அடித்தார்கள். அது மரத்துப்பாக்கி, சாயம் பூசியது, எடையே இல்லை. ஆனால் கையில் வந்ததும் கை அதைத் துப்பாக்கி என்றே எடுத்துக்கொண்டது. பயப்படுங்க என்றார் அல்லவா? அவளை இதுவரை யாரும் பயப்படச் சொன்னதில்லை. மூன்று தரம் முழங்காலில் பிடித்து வைத்ததெல்லாம் அந்த ஒரு சொல்லுக்குக் காத்திருந்ததுபோல் அவிழ்ந்து மேலே வந்தது. முசுறும் இல்லை, மரமும் இல்லை. பயம் வந்ததும் கால் அடுப்படி வாசலுக்கு ஓடியது, உள்ளங்கை படியின் இடது முனையை அழுத்தியது, விரல் வலது முனையைத் தூக்கியது, துப்பாக்கி உள்ளே போயிற்று, பலகை மூடிற்று. மூடிய பிறகுதான் மூளை வந்து சேர்ந்தது. படமெடுக்கிற எந்திரத்தைச் சுற்றுகிறவன் சுற்றிக்கொண்டே இருந்தான். "அடடா!" என்று டைரக்டர் கைதட்டினார். "என்ன ஒரு யோசனை! நாங்க நினைச்சுக்கூடப் பார்க்கலியே!" மரத்துப்பாக்கியை எடுக்கப் பட்டணத்துப் பையன் ஒருவன் குனிந்தான். "தொடாதப்பா, தேள் இருக்கும்" என்று அவளே ஓடிப்போய், முந்தானையால் மறைத்து, அடியில் கிடந்த சாக்குச்சுருள் தெரியாமல் எடுத்துக் கொடுத்தாள். "இன்னொரு தரம்" என்றார்கள். எந்திரத்தை மூக்குக்குக் கிட்டே கொண்டுவந்து வைத்தார்கள். இன்னொரு தரமும் செய்தாள். செய்யமாட்டேன் என்றால் ஏன் என்று கேட்பார்களே.

எட்டு மாதம். எட்டு மாதமும் அவள் அந்தப் படியைத் தாண்டும்போதெல்லாம் அது அவளைப் பார்த்தது. சொல்லிவிட வேண்டும் என்று எத்தனை தடவை வாயைத் திறந்தாள்! வீரணனிடம் சொன்னால் அவன் துப்பாக்கியை வேறு இடத்துக்கு மாற்றுவான், சரி. மற்ற இருபத்தொரு வீடு? அவர்களுக்கும் சொல்ல வேண்டும். சொன்னால், வாழ வந்தவள் ஊரைக் காட்டிக் கொடுத்துவிட்டாள் என்பார்கள். இல்லை என்று எப்படிச் சொல்வது? காட்டித்தானே கொடுத்தாள், எந்திரத்துக்கு. படம் பட்டணத்தில் ஓடும், பட்டணத்து ரேஞ்சர்கள் பார்ப்பார்கள், இங்கே யார் கொண்டுவரப் போகிறார்கள் என்று ஒரு நாள் நினைத்தால் ஒரு நாள் தூக்கம் வரும். நேற்று மத்தியானம் தமுக்குச் சத்தம். உங்கள் ஊர்ப் படம், உங்களுக்கே இலவசமாக, ரேஞ்சர் ஐயா தலைமையில். ராத்திரியெல்லாம் வீரணனின் குறட்டையைக் கேட்டுக்கொண்டு கிடந்தாள். இப்ப எழுப்பிச் சொல்லிவிடலாம், இந்தக் குறட்டை முடியட்டும், அடுத்தது முடியட்டும் என்று விடிந்துவிட்டது.

வீடு வந்தது. அவளுடைய வீடு, வேட்டியில், சாம்பல் நிறத்தில், வாடை இல்லாமல். "ஐயே, ஒங்க கோழி!" என்றாள் மூக்காயி. கோழி குறுக்கே ஓடியது. வேடன் உள்ளே பாய்ந்தான். ஒருத்தி அவனிடமிருந்து துப்பாக்கியை வாங்கினாள், முதுகுதான் தெரிந்தது. என் முதுகு இவ்வளவு ஒடுக்கமா என்று சிலம்பாயி நினைத்தாள், இந்த நேரத்திலும் நினைத்தாள். எழுத்து வந்தது. "மறைத்துவிடு கண்ணே! வருகிறான் காவலன்!" என்று பஞ்சாட்சரம் பிரம்பைத் தட்டினார். பக்கத்தில் உட்கார்ந்திருந்தவரின் ஆர்மோனியம் அலறியது. இதோ. இதோ கை வரும். ரேஞ்சரின் தலை கொஞ்சம் முன்னுக்குச் சாய்ந்தது. சிலம்பாயி கண்ணை மூடிக்கொள்ள நினைத்தாள், மூட முடியவில்லை, கண் அதன்பாட்டுக்குத் திறந்தே கிடந்தது. வேட்டி முழுக்க ஒரு முகம் வந்தது. சுவரளவு முகம். யார் இது என்று ஒரு கணம் அவளுக்குத் தெரியவில்லை. உள்ளங்கையளவு கண்ணாடிக்கு மேல் அவள் தன் முகத்தைப் பார்த்ததில்லை. இடது புருவத்தில் அம்மைத் தழும்பு இருந்தது. நான்தான். கை எங்கே? கண்கள் கீழே பார்த்தன, எதையோ அழுத்துகிற மாதிரி தோள் அசைந்தது, உதடு திறந்து மூடியது, கழுத்து நரம்பு ஒன்று புடைத்துத் துடித்தது. கை இல்லை. பலகை இல்லை. முகம் மட்டும். அது போகவே இல்லை, நின்றது, நின்றுகொண்டே இருந்தது. பஞ்சாட்சரம் ஏதோ சொல்ல வாயெடுத்து, சொல்லாமல் பிரம்பைத் தாழ்த்தினார். ஆர்மோனியமும் நின்றுவிட்டது. எந்திரம் சுற்றுகிற கடகட சத்தம் ஒன்றுதான். அந்த முகத்தில் மூன்று சோதனையும் இருந்தன, முழங்கால் இரண்டும் இருந்தன. மூக்காயியின் கை இருட்டில் வந்து அவள் மணிக்கட்டைப் பிடித்தது. "மதினி, என் தம்பியப் பிடிச்சிட்டுப் போனன்னிக்கு என் மூஞ்சி இப்பிடித்தான் இருந்திருக்கும்" என்றாள். அவள் குரல் நனைந்திருந்தது.

அப்புறம் முகம் போய்விட்டது. வாசல் வந்தது. அடுப்படி வாசல்தான், நிலைப்படி தெளிவாக, பளிச்சென்று, மஞ்சள் பூச்சு கறுப்பாகத் தெரிய, மூடியபடி கிடந்தது. தூரத்தில் இருந்து முதல் தரம் எடுத்தது, கை தெரிகிறது, இனிமேல் வரலாம். உள்ளே காவலன் வந்தான், காவலனாக நடித்த தொப்பைக்காரன், பட்டணத்தான். வந்தவன் நேராகப் போய் நிலைப்படியின் மேல் இரண்டு காலையும் வைத்து ஏறி நின்று, இடுப்பில் கைவைத்துக்கொண்டு, துப்பாக்கி எங்கே எங்கே என்று நாலாபக்கமும் பார்த்தான். கிடங்கு முழுக்க, ஆண்கள் பக்கம் பெண்கள் பக்கம் இரண்டிலும், ச்சு ச்சு என்று உச்சுக்கொட்டியது. "ஏய், படிய மிதிக்கிறான் பாரு, மடப்பய!" என்றது ஒரு குரல். நடு நாற்காலியிலிருந்து ரேஞ்சரின் குரல்தான் எல்லாவற்றுக்கும் மேலே கேட்டது. "எறங்குடா! வீடுன்னா என்னன்னு தெரியாதவனுக்கெல்லாம் காக்கி மாட்டிவிட்டா இப்பிடித்தான்." "நல்லாச் சொல்லுங்கய்யா!" என்றான் வீரணன். ஆண்கள் பக்கத்தில் இருபத்திரண்டு துப்பாக்கிக்காரர்களும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் சிரித்தார்கள். சிலம்பாயிக்கு எங்கேயோ விலா எலும்புக்கு அடியில் ஒரு முடிச்சு, இருக்கிறது என்றே இதுவரை தெரியாத ஒரு முடிச்சு, அவிழத் தொடங்கியது. முழுக்க அவிழ விடவில்லை. சுபம் என்று எழுத்து வருகிற வரைக்கும் அவள் அந்தக் கை வருகிறதா என்று வேவு பார்த்தாள். வேடன் மனம் திருந்தினான், துப்பாக்கியைப் பாறையில் அடித்து உடைத்தான், மண்வெட்டி எடுத்தான், எருமைக்கன்று எப்படியோ உயிரோடு வந்து அவனை நக்கியது. துப்பாக்கி உடைந்தபோது இருபத்திரண்டு பேரும் எல்லோரையும்விடப் பலமாகக் கைதட்டினார்கள். கை வரவே இல்லை.

கம்பளிகளை இழுத்துப் போட்டார்கள். வெயில், ஒரு நாளும் இல்லாத வெயில், தூசியோடு உள்ளே வந்து விழுந்தது. வேட்டியை மடித்துக்கொண்டிருந்த பஞ்சாட்சரம் அவளைப் பார்த்துவிட்டு, "நீங்கதானா அம்மா? உங்க முகத்தைப் போட்டுப் பார்த்ததும் டைரக்டர் மத்ததையெல்லாம் வெட்டி எறிஞ்சுட்டார். ஓடுறது, கை, கால் எதுவும் வேணாம், இந்த முகம் போதும்னுட்டார்" என்றார். சிலம்பாயி, "வெட்டுனது எங்கிட்டுக் கெடக்கு?" என்று கேட்டாள். தன் குரல் இவ்வளவு சாதாரணமாக வருகிறதே என்று இருந்தது. "அதுவா? வெட்டுன துண்டையெல்லாம் உருக்கி அதுலேருந்து வெள்ளி எடுப்பாங்கம்மா. அப்பவே ஒருத்தன் எடைக்கு வாங்கிட்டுப் போயிட்டான். இந்நேரம் எந்தக் குழந்தை கால்ல கொலுசா இருக்கோ." கொலுசு. அவள் கை, பலகை, குழி, எல்லாம் ஒரு கொலுசு. நடக்கட்டும், அந்தக் குழந்தை நல்லா நடக்கட்டும்.

வாசலுக்கு வந்தாள். ரேஞ்சர் தொப்பியைப் போட்டுக்கொண்டு அங்கேதான் நின்றார். வீரணன் பக்கத்தில் நின்று எதையோ கையை வீசிச் சொல்லிக்கொண்டிருந்தான். "ஏம்மா, இங்க வா" என்றார் ரேஞ்சர். அவள் வழக்கம்போல அவசரமாக மனசுக்குள் பலா மரத்தைத் தேடினாள். "ஒண்ணு கேட்டுக்க. ஒன் வீட்ட நான் மூணு தரம் கலைச்சுப் போட்டேன். துப்பாக்கி இருக்கும், இவ சிரிச்சு ஏமாத்துறா, நாலாந்தரம் வரணும்னுதான் இருந்தேன். இன்னிக்குத்தான் பாத்தேன், நீ பயந்தா ஒன் மூஞ்சி எப்பிடி ஆகும்னு. யாத்தே! அந்த மூஞ்சிய நான் ஒரு நாளும் ஒன் வீட்டுல பாத்ததில்ல. ஒங்கிட்ட ஒண்ணும் இல்லம்மா. மோரு குடிச்சதுதான் எனக்கு மிச்சம்." வீரணன் ஒன்றும் புரியாமல், "அதத்தான்ய்யா நானும் சொல்றேன்" என்றான். மரம் இன்னும் வந்து சேரவில்லை, அதில் வீரணன் ஏறவில்லை, ஒரு முசுறுகூட இன்னும் கடிக்கவில்லை. அதற்கு முன்பே சிலம்பாயிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வயிற்றைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் நீர் வழிய, நிறுத்த முடியாமல் சிரித்தாள். "பாரு, இதான் ஒன் மூஞ்சி" என்று சொல்லிவிட்டு ரேஞ்சர் திரும்பி, மறந்து உள்ளே வைத்துவிட்ட தடியை எடுக்க, கிடங்கின் நிலைப்படியை மிதிக்காமல், காலை நன்றாகத் தூக்கித் தாண்டிப் போனார்.